மட்டக்களப்பு வாவிக்கரையில் மக்கட்பெயர்கள்

தமிழில் பெயர் என்னும் சொல் இருவகையாக வழங்குவது நேயர்கள் அறிந்ததே. ஒருவரைச் சுட்டி அழைக்கும் சொல் பெயர். ஓரிடத்தை விட்டு மற்றோரிடம் செல்வதும் பெயர்தல் எனப்படும். அடி பெயர்த்து நடத்தல், ஊர் பெயர்ந்து செல்லுதல், மொழிபெயர்ப்பு ஆகிய வழக்குகளில் இப்பொருள் நன்கு விளங்கும். மக்கட்பெயர்களின் வரலாற்றை ஆராயப் புகுவார்க்கு இவ்விரு பொருளும் ஒன்றையொன்று விளக்குவனவாகவே தோன்றும். ஏனெனில், பெயர்கள் பெயர்ந்துகொண்டே இருக்கின்றன. கடல் கடந்து வருகின்றன, சமயம் மாறுகின்றன, மொழி மாறுகின்றன, வந்த இடத்துக்கேற்ப உருவும் மாறுகின்றன. அங்ஙனமாயின், ஒரு பெயர் எந்த மொழியில் தோன்றியது என்பதைக் கொண்டு, அஃது இன்னாருக்கே உரியது, இன்னாருக்கு அந்நியமானது என்று தீர்த்துவிடலாமா? இவ்வினாவுக்கு விடை காண மட்டக்களப்பு வாவிக்கரையைப் போன்று வாய்ப்பான இடம் வேறொன்று கிடைப்பது அரிது.

வடக்கே ஏறாவூர்ப் பக்கத்திலிருந்து தெற்கே கல்முனைப் பக்கம் வரை ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீளத்துக்கு இவ்வாவி நீண்டு கிடக்கிறது. கடலுக்கும் வாவிக்கும் இடைப்பட்ட நிலம் எழுவான்கரை. வாவிக்கு மேற்கே வயல்கள் விரிந்த நிலம் படுவான்கரை. ஞாயிறு எழுவதையும் படுவதையும் கொண்டு மக்கள் இட்ட அழகிய பெயர்கள் இவை. இவ்விரு கரைகளிலும் சைவரும், முஸ்லிம்களும், கத்தோலிக்கரும், மெதடிஸ்த சபையினரும், பறங்கியரும் அயலூரவராய் வாழ்ந்து வருகின்றனர். அவர்களுடைய பெயர்களை அருகருகே வைத்து நோக்கினால் உலக வரலாற்றின் ஒரு பகுதியே அங்கு விரியும்.

ஓர் எடுத்துக்காட்டுக் காண்போம். எபிரேய மொழியிலே யோசேப்பு என ஒரு பெயர் உண்டு. 'இன்னும் ஒன்று கூட்டித் தருவாராக' என்பது அதன் கருத்து. ஒரு மகவைப் பெற்ற தாய், மேலும் ஒரு மகவை வேண்டி இறைவனை இரந்த சொல் அது. அப்பெயர் அரபு மொழியிற் புகுந்து யூசுப் ஆயிற்று. போர்த்துக்கேயர் வாயில் அது வேறோர் உருப்பெற்று, அவர்களிடமிருந்து தமிழ்க் கத்தோலிக்கர் நாவில் சூசை ஆயிற்று. தமிழில் விவிலியத்தை வாசித்த மெதடிஸ்த சபையினர் மூலப் பெயரை ஒட்டி யோசேப்பு என்றனர். ஆங்கிலத்தின் வழியே ஜோசப் வந்தது. காத்தான்குடியில் ஒரு யூசுப், வாவியோர மீனவர் குடியிருப்பில் ஒரு சூசை, புளியந்தீவில் ஒரு யோசேப்பு, பறங்கியர் தெருவில் ஒரு ஜோசப் என நால்வர் வாழக்கூடும். நால்வரும் ஒருவரையொருவர் வேறு பெயரினர் என்றே எண்ணியிருப்பர். ஆயின், நால்வருக்கும் பெயர் ஒன்றே. இவ்வாறே தாவூத் என்பவரும் தாவீது என்பவரும் டேவிட் என்பவரும் ஒரு பெயரினர். இப்றாஹீமும் ஆபிரகாமும் ஒரு பெயரினர்.

இப்பெயர்கள் இங்கு வந்த வழி யாது? அரபுப் பெயர்கள் வணிகத்தோடும் இஸ்லாத்தோடும் நெடுங்காலத்துக்கு முன்னரே வந்தன. போர்த்துக்கேயர் 1628ஆம் ஆண்டில் புளியந்தீவிலே கோட்டை கட்டினர். பத்தாண்டு கழிந்து 1638இல் ஒல்லாந்தர் அதனைக் கைப்பற்றினர். கோட்டையைப் பறிகொடுத்த போர்த்துக்கேயர் தம் மொழியையும் பெயர்களையும் விட்டுச் சென்றனர். மட்டக்களப்புப் பறங்கியர் இல்லங்களிலே போர்த்துக்கேய மொழியின் கலப்பு வழக்கொன்று தலைமுறை தலைமுறையாகப் பேசப்பட்டு வந்தது; இன்றும் முதியோர் சிலரிடம் அதனைக் கேட்கலாம். இலங்கை முழுவதிலும் வழங்கும் சில்வா என்னும் போர்த்துக்கேயப் பெயர், காடு என்று பொருள்படும் இலத்தீன் சொல்லிலிருந்து வந்தது. பெரேரா என்பது பேரிக்காய் மரத்தைக் குறித்த சொல். ஆல், அரசு, மருது என மரங்களால் ஊருக்குப் பெயரிட்ட தமிழருக்கு, மரத்தால் ஆளுக்குப் பெயரிட்ட வழக்கம் புதுமையாகத் தோன்றாது. சவேரியார் என்றும் சேவியர் என்றும் வழங்கும் பெயரோ இன்னும் வியப்புக்குரியது. பிரான்சிஸ் சவேரியார் பிறந்த கோட்டையின் பெயர் அது. ஸ்பானிய நாட்டின் வடபகுதியிற் பேசப்படும் பாஸ்கு மொழியில் 'புதுவீடு' என்று பொருள்படும். 1814ஆம் ஆண்டில் வில்லியம் ஓல்ட் என்னும் மெதடிஸ்த போதகர் மட்டக்களப்புக்கு வந்து கல்விப் பணி தொடங்கிய பின்னர் சாமுவேல், தானியேல் முதலான பெயர்கள் இங்குப் பெருகின.

வந்த பெயர்கள் வந்தவாறே இருந்துவிடவில்லை. அவற்றை அழைத்த மக்கள் தங்கள் உறவுச் சொற்களை அவற்றோடு ஒட்டிவிட்டனர். இதுவே இவ்விடயத்திற் கருதத்தக்க பெரிய உண்மையாகும். இப்றாஹீம் என்னும் பெயர் லெவ்வை என்னும் சொல்லோடு சேர்ந்து இப்றாலெவ்வை ஆயிற்று. உதுமான் உதுமாலெப்பை ஆனார். லெப்பை, லெவ்வை என்பன மார்க்கம் கற்பிப்போரைக் குறித்த சொற்கள். ஆதம் என்பது, பெரியோரை மதித்து அழைக்கும் பாவா என்னும் சொல்லோடு இணைந்து ஆதம்பாவா ஆயிற்று. பாத்திமா என்னும் பெயரோடு உம்மா சேரப் பாத்தும்மா பிறந்தாள். அரபு நாட்டார் ஒருவர் இவற்றைக் கேட்பின் அவருக்கு இவை பாதி தெரிந்தும் பாதி தெரியாமலும் ஒலிக்கும். தெரியாத அந்தப் பாதியே வாவிக்கரை மக்கள் சேர்த்த பாதி.

தமிழ்ப் பெயர்களிலும் இவ்வுறவு முறையே ஓங்கி நிற்கக் காணலாம். சின்னத்தம்பி, இளையதம்பி, நல்லதம்பி, சாமித்தம்பி, கதிர்காமத்தம்பி எனத் தம்பிமார் இங்கு எண்ணிறந்தோர். பிள்ளை என முடியும் பெயர் பூண்ட பெண்களும் பலர். பெரியதம்பி என்பதை எண்ணிப் பாருங்கள்: தம்பி என்றால் இளையவன், அவ்விளையவருள் மூத்தவன் பெரியதம்பி! இலக்கணத்துக்கு முரணாகத் தோன்றுவது இல்லத்துக்கு இயல்பாய் இருக்கிறது. பெருவயல் உடையோரைக் குறித்த போடி என்னும் பட்டம் கந்தப்போடி, மாணிக்கப்போடி என மக்கட்பெயரில் நிலைத்தது. தமிழருக்கேயன்றி முஸ்லிம்களுக்கும் அப்பட்டம் உரித்தாயிருந்தது.

இவ்வாவிக்கரை இரு பெரும் புலவர்களைப் புலவர்மணி என்னும் ஒரே பட்டத்தால் போற்றியது. ஒருவர் மண்டூரில் 1899இல் தோன்றிய பெரியதம்பிப்பிள்ளை. மற்றவர் மருதமுனையிலே தோன்றிய ஷரிபுத்தீன். முன்னவர் பெயர் மூன்று தமிழ்ச் சொற்களின் கோவை. பின்னவர் பெயர் 'மார்க்கத்தின் சிறப்புடையோன்' என்னும் அரபுத் தொடர். பெயர்கள் வெவ்வேறு கடற்கரைகளிலிருந்து வந்தன. இருவரும் பாடிய மொழி ஒன்றே.

பொருளை நோக்கினாலும் இவ்வொருமை புலப்படும். அப்து என்னும் அரபுச் சொல்லுக்கு அடியான் என்பது பொருள். ஆதலால் அப்துல்லா, சிவதாசன், யேசுதாசன் ஆகிய மூவரும் தத்தம் இறைவனுக்கு அடியார் என்றே பெயர் பூண்டவராவர். அதாவுல்லா என்பது இறைவன் கொடை. எபிரேய வழிவந்த நத்தானியேல் என்பதும், வடமொழித் தேவதத்தன் என்பதும் அக்கருத்தினவே. நூர்தீன் என்னும் பெயரில் ஒளி உண்டு. ஞானப்பிரகாசத்திலும் ஒளி உண்டு. இலத்தீன் வழிவந்த லூசியா என்னும் பெண்பெயரும் ஒளியைப் பொருளாக உடையது. பிள்ளையைக் கையில் ஏந்திய பெற்றோர் எம்மொழியினராயினும் அவர்கள் வேண்டுவன சிலவே போலும்.

இவ்வொற்றுமையை உணர்ந்த முன்னோர் பெயர்களை மொழிபெயர்க்கவும் துணிந்தனர். யோவான் என்னும் எபிரேயப் பெயர் இறைவனுடைய அருளைக் குறிப்பது. தமிழ்க் கத்தோலிக்கர் அவரை அருளப்பர் என்றனர். பவுல் என்பதற்கு இலத்தீனில் சிறியவர் என்பது பொருள். அவர் சின்னப்பர் ஆனார். தென்திருவிதாங்கூர் நீலகண்டபிள்ளை 1745இல் திருமுழுக்குப் பெற்றபோது லாசர் என்னும் பெயரைத் தமிழ்ப்படுத்தித் தேவசகாயம் என்று இட்டனர். இறைவன் துணைசெய்தான் என்பதே லாசரின் மூலப்பொருள். 2022ஆம் ஆண்டில் அவர் புனிதராக அறிவிக்கப்பட்டபோது உலகெங்கும் ஒலித்தது அந்தத் தேவசகாயம் என்னும் பெயரே. வேதாசலம் என்னும் அறிஞர் தம் பெயரை மறைமலை என மாற்றிக்கொண்டதும், சூரியநாராயண சாஸ்திரியார் பரிதிமாற்கலைஞர் என விளங்கியதும் இம்முறையிலேயாம்.

எனினும், மக்கள் வழக்கு இத்தகைய தூய்மையை எப்போதும் வேண்டி நிற்பதில்லை. காரைதீவிலே 1892ஆம் ஆண்டில் சாமித்தம்பியாருக்கும் கண்ணம்மைக்கும் மகனாகப் பிறந்தவர் மயில்வாகனன். சாமி வடசொல், தம்பி தமிழ்ச்சொல். மயில் தமிழ், வாகனம் வடமொழி. ஒரே இல்லத்தில், ஒரே பெயருக்குள், இரு மொழிகள் பிணக்கின்றி வாழ்ந்தன. அம்மயில்வாகனனாரே 1924இல் துறவு பூண்டு விபுலானந்தர் ஆனார். 1947இல் யாழ்நூலைத் தமிழுக்குத் தந்தார். அவர் பெயரில் இருந்த வடமொழி அவருடைய தமிழை எவ்வாற்றானும் குறைத்துவிடவில்லை.

அயலாராகிய சிங்கள மக்களின் பெயர்களை நோக்கினாலும் இந்நிலையே. ஜயசிங்க என்பார் அவர். ஜெயசிங்கம் என்பார் இவர். குணரத்ன என்பது அங்கு. குணரத்தினம் என்பது இங்கு. ஈற்றிலே நிற்கும் ஒரு மகரமெய்தான் இடையிலுள்ள வேலி.

இனி, பெற்றோர் பெயரைப் பிள்ளை சுமக்கும் முறையைச் சிறிது காண்போம். பண்டைத் தமிழகத்தில் மகன் பெயரால் தந்தையை அழைத்தலும் உண்டு. ஆதன் தந்தை என்பது ஆந்தை எனவும், பூதன் தந்தை என்பது பூந்தை எனவும் மருவுதற்குத் தொல்காப்பியத்தில் விதி உண்டு. பிசிர் என்னும் ஊரினராகிய ஆந்தையாரே பிசிராந்தையார். இன்றோ தந்தை பெயரின் முதலெழுத்தைத் தன் பெயர்க்கு முன்னே நிறுத்துவது தமிழர் வழக்கம். ஐஸ்லாந்து நாட்டாரும் குடும்பப்பெயர் கொள்ளாது, தந்தை பெயரோடு மகன் அல்லது மகள் என்னும் சொல்லைச் சேர்த்தே வழங்குகின்றனர்.

ஆனால், மட்டக்களப்பில் ஒருவர் தந்தையிடமிருந்து முதலெழுத்தைப் பெறுகிறார். தாயிடமிருந்து குடியைப் பெறுகிறார். உலகிப்போடிகுடி, காலிங்காகுடி, படையாண்டகுடி எனப் பல குடிகள் உண்டு. குடி தாய்வழியே இறங்கும். திருமணம் பேசுமிடத்துக் குடி கேட்பர். ஒரு குடியினர் தமக்குள் மணத்தல் வழக்கன்று. கோயிலிலே வண்ணக்கர் பதவியும் பள்ளிவாசலிலே மரைக்காயர் பதவியும் குடிவழி அமைந்தன. இவ்வமைப்பு தமிழருக்கும் முஸ்லிம்களுக்கும் பொதுவானது. எனினும், தாய் தந்த இவ்வுரிமை எந்தப் பிறப்புச் சான்றிதழிலும் எழுதப்படுவதில்லை. பாட்டிமார் நினைவிலேதான் அது வாழ்கிறது. அவர்களோடு அது மறைந்தும் போகலாம்.

வாயில் வாழ்ந்த பெயர் ஏட்டில் ஏறியபோதுதான் இன்னல் தொடங்கியது. இலங்கையில் பிறப்பு இறப்புகளைப் பதிவுசெய்யும் முறை 1867ஆம் ஆண்டில் ஏற்பட்டது. ஆட்களைப் பதிவுசெய்யும் சட்டம் 1968இல் நிறைவேறி, 1972 முதல் தேசிய அடையாள அட்டைகள் வழங்கப்பட்டன. பெயரைச் சொல்பவர் ஒருவர், எழுதுபவர் மற்றொருவர். தம்பி என்னும் ஒரு சொல்லை ஆங்கில எழுத்தில் எழுதப் புகின், தகரத்துக்கு 'ரீ' என்னும் எழுத்துடன் 'எச்' சேர்ப்பார் ஒருவர், சேர்க்காது விடுவார் ஒருவர்; ஈற்றிலுள்ள இகரத்துக்கு 'ஐ' இடுவார் ஒருவர், 'வை' இடுவார் ஒருவர். ஆக, ஒரு தம்பி நான்கு தம்பியர் ஆகிறார். படுவான்கரை மூதாட்டி ஒருத்திக்குப் பிறப்புப் பதிவில் கண்ணகை என்றும், அடையாள அட்டையில் கண்ணம்மா என்றும், காணி உறுதியில் கண்ணம்மை என்றும் பெயர் இருப்பதாகக் கொள்வோம். ஊரார்க்கு அவள் ஒருத்தி. அலுவலகத்துக்கு அவள் மூவர். காணியை மகளுக்கு எழுதவும், கணவனின் ஓய்வூதியத்தைப் பெறவும், மூவரும் ஒருவரே எனச் சத்தியக் கடதாசி முடிக்க வேண்டியவளாகிறாள். ஓர் எழுத்து பிழைத்தால் ஒரு வயல் கைவிட்டுப் போகலாம்.

பெயரின் ஒலியில் மட்டுமன்றிப் பொருளிலும் துன்பம் இருத்தல் கூடும். பிறந்த மகவு நிலைத்திருக்க வேண்டிப் பிச்சை என்றும் குப்பை என்றும் இழிவான பெயரிட்டுக் கூற்றுவனை ஏமாற்ற முயன்றது பழைய வழக்கம். அதில் அன்பு இருந்தது. தமிழகத்தின் சில பகுதிகளில் பெண்மகவுக்குப் போதும்பொண்ணு என இட்ட பெயரிலோ அத்தகைய அன்பு இல்லை. மராட்டிய நாட்டிலே 'நகுஷி' எனப் பெயர்பெற்ற சிறுமியர் பலர் இருந்தனர். வேண்டாதவள் என்பது அதன் பொருள். 2011ஆம் ஆண்டில் சத்தாரா மாவட்டத்தில் அத்தகைய சிறுமியர் 285 பேருக்கு ஒரு விழாவெடுத்துப் புதுப்பெயர் சூட்டினர். நாள்தோறும் தன்னை வேண்டாதவள் என அழைக்கக் கேட்டு வளர்ந்த பெண்ணுக்குப் பெயரின் பொருளை அகராதி பார்த்து அறியவேண்டிய தேவை இருந்ததில்லை.

இவையெல்லாவற்றினும் கொடியது பெயரைக் கேட்டு ஆளை எடைபோடும் நிலை. 1983 முதல் 2009 வரை நீண்ட போர்க்காலத்தில், பெயரைக் கேட்ட அளவிலேயே ஒருவரைத் தன்னவர் என்றும் பகைவர் என்றும் தீர்ப்பிட்ட நாள்கள் இவ்வாவிக்கரையிலும் வந்தன. 1990ஆம் ஆண்டில் தமிழூர்களும் முஸ்லிம் ஊர்களும் சிந்திய இரத்தமும் கண்ணீரும் மறக்கற்பாலன அல்ல. யூசுப்பும் சூசையும் ஒரு பெயரினர் என்பதை அந்நாளில் நினைவூட்டுவார் இலர்.

பின்னர், 2004ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் நாள் கடல் பொங்கி எழுந்தது. அன்று கல்முனை வைத்தியசாலைக்கு ஒரு கைக்குழந்தை கொண்டுவரப்பட்டது. பெயர் சொல்வார் எவருமிலர். அன்று அங்குச் சேர்க்கப்பட்டோருள் எண்பத்தோராவது என்பதனால் 81 என்னும் எண்ணே அதற்குப் பெயராயிற்று. உலகச் செய்தித்தாள்களும் அவ்வெண்ணாலேயே அதனைக் குறித்தன. இறுதியில் நீதிமன்றத்தின் கட்டளைப்படி மரபணுச் சோதனை நடந்து, 2005 பெப்ரவரியில் அக்குழந்தை பெற்றோரிடம் சேர்ந்தது. எண்ணாயிருந்த பிள்ளைக்கு மீண்டும் பெயர் கிடைத்தது. அப்பெயர் எம்மொழிப் பெயர், எச்சமயப் பெயர் என்று அன்று யாரும் ஆராயவில்லை. பிள்ளையை அழைக்கத் தாய்க்கு ஒரு பெயர் இருந்தது, அதுவே போதுமானதாயிற்று.

முன்னர் எழுப்பிய வினாவுக்கு விடை இதனால் பெறப்படும். ஒரு பெயர் எபிரேயத்திலோ அரபிலோ வடமொழியிலோ தோன்றியிருக்கலாம். அதனை நாள்தோறும் அழைக்கும் மக்கள் அதற்குத் தம்பி என்றும் உம்மா என்றும் பிள்ளை என்றும் உறவு கொடுத்த நாளிலிருந்து அது அவர்களுடையதாகிறது. ஆதலின் பெயரை வேலியாக்குவதற்கு அதன் வரலாறு இடந்தரவில்லை.

இதனால் செய்யத்தக்கன சிலவும் உள. முதியோர் இருக்கும் இல்லங்களில் அவர்தம் முழுப்பெயரையும், பெயர்க் காரணத்தையும், தாய்வழிக் குடியையும் கேட்டு ஓர் ஏட்டில் எழுதி வைத்தல் நன்று. பிள்ளையின் பிறப்பைப் பதியும்போது ஒவ்வோர் எழுத்தையும் வாசித்துப் பார்த்த பின்னரே கையொப்பம் இடுதல் வேண்டும். எண்கணிதம் பார்த்துப் புதுப்பெயர் தேடுவோர், நாளை அப்பிள்ளை 'என் பெயருக்குப் பொருள் என்ன?' என்று கேட்கும்போது சொல்வதற்கு ஒரு விடையையும் சேர்த்தே தேடிக்கொள்வாராக. பாடசாலையிலே வரவுப் பதிவை வாசிக்கும் ஆசிரியர், தமக்குப் பழக்கமில்லாத பெயர் எதிர்ப்படுமாயின், அப்பிள்ளையிடமே கேட்டுத் திருத்தமாக உச்சரிப்பாராக. தன் பெயர் பிழையின்றி அழைக்கப்படக் கேட்ட பிள்ளை, அவ்வகுப்பிலே தனக்கும் ஓர் இடம் உண்டென்பதை அறிந்துகொள்ளும்.